லெம்மின் பாக்கெட்டில் இருந்த பிரஷ்

அர்வெல்லா டிஸ்டேலின் தம்பி இதுவரை நான்கு புத்தகங்களில் வந்துவிட்டான். நான்கிலும் அவனுக்கு வயது பதினொன்று, நான்கிலும் சாகிறான். ஆனால் புத்தகத்துக்குப் புத்தகம் அவனுடைய தைரியம் மட்டும் கூடிக்கொண்டே போனது. முதலாவதில் ஒரே வரி: கறுப்பர்களின் ஓட்டுரிமை ஊர்வலத்தில் பிடிபட்டு, காவலில் இறந்த சிறுவன். இரண்டாவதில் பாடிக்கொண்டே போலீஸ் லாரியில் ஏறினான். மூன்றாவதில் ஊர்வலத்தின் முன்வரிசைக்கே வந்துவிட்டான். நான்காவது படப் புத்தகம். அதில் போலீஸ் தலைவர் ஷெரீஃபின் முகத்துக்கு நேரே நிமிர்ந்து நின்றான். வீட்டில் எலியைப் பார்த்தால் நாற்காலி மேல் ஏறி நின்று அக்காவைக் கூப்பிடுகிற பயல். அமெரிக்க வரலாற்றை மாற்றிய பிள்ளைகளைப் பற்றி எழுதுகிறவர்களுக்கு எலி எதற்கு? அவர்களுக்கு ஷெரீஃப்தான் வேண்டும்.

ஐந்தாவது புத்தகம் எழுத வந்த நோரீன் ஹாஸ்கல் வேறு மாதிரி ஆள். ஓஹையோக்காரி. பதினெட்டு வருஷம் ஐந்தாம் வகுப்புக்குப் பாடம் எடுத்தவள், அதனால் பிள்ளைகளிடம் பொய் சொல்லக் கூடாது என்பதில் ஒரு பிடிவாதம். அவளுடைய புத்தகத்தில் இருபத்து நான்கு பிள்ளைகள். ஆளுக்கு ஆறு பக்கம். ஒவ்வொரு வரிக்கும் ஒரு எண் போட்டு வைத்திருந்தாள். நவம்பரில் ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் அந்தத் தாள்களை அர்வெல்லாவின் சமையலறை மேஜையில் பரப்பிக்கொண்டு உட்கார்ந்தாள்.

"என்னோட வழக்கம் இது மேடம். ஒவ்வொரு வரிக்கும் ஒரு காகிதமும் ஒரு ஆளும் சாட்சி வேணும். நான் படிக்கிறேன், சரின்னா சரின்னு சொல்லுங்க. தப்புன்னா தயங்காம அடிச்சிருங்க."

"முதல்ல கேக்கைச் சாப்பிடும்மா. ஓஹையோவுல சாப்பாடே போட மாட்டாங்களா? காத்தடிச்சா பறந்துருவே போலிருக்கே."

நோரீன் சிரித்துக்கொண்டே ஒரு துண்டு எடுத்தாள். பிறகு படிக்கத் தொடங்கினாள்.

ஒன்று: லெம்முவேல் டிஸ்டேல் அலபாமாவில் லோரிங் என்ற ஊரில் பிறந்தான். சரி. இரண்டு: அவனுடைய தாய் ஹாட்டி ஒரு வெள்ளைக்காரர் வீட்டில் சமையல் வேலை செய்தாள். சரி. மூன்று: அவனுக்கு ஐந்து வயது மூத்த ஒரு அக்கா. சரி. நான்கு: குளிர் காலத்தில் அவனுக்கு மூச்சிரைப்பு வரும். அர்வெல்லா தலையை மட்டும் ஆட்டினாள். இப்படியே எட்டு வரி ஓடியது. எழுபத்தேழு வயதில் உட்கார்ந்த இடத்தில் தலையாட்டுவது பெரிய வேலை இல்லை.

"ஒன்பது. 'அன்று காலை லெம் யாரிடமும் சொல்லாமல் ஒரு டூத் பிரஷைக் கோட்டுப் பாக்கெட்டில் வைத்துக்கொண்டான். ஜெயிலுக்குப் போவதென்று அவன் முடிவு செய்துவிட்டான்.' இதுக்குக் காகிதம் இருக்கு. போலீஸ் கிளார்க்கு எழுதின சீட்டு. பழுப்புக் கோட்டு ஒண்ணு, கைக்குட்டை ஒண்ணு, பச்சை டூத் பிரஷ் ஒண்ணு. ஆள் சாட்சி நீங்கதான்."

அர்வெல்லா மேஜை விரிப்பில் கிடந்த கேக் துகள்களை விரலால் ஓரமாக ஒதுக்கினாள். இத்தனை புத்தகங்களில் ஒருவர்கூட அவளிடம் இதைக் கேட்டதில்லை.

"இன்னொண்ணும் இருக்கு மேடம். அவனோட உள்ள இருந்தவங்கள்ல இப்ப உயிரோட இருக்கறது மிஸ்டர் வெண்டல் பியூ ஒருத்தர்தான். முதியோர் ஹோம்ல போய்ப் பாத்தேன். அந்தப் பையன் அங்க வந்திருக்கவே வேண்டாதவன்னு சொல்றாரு. அந்த பிரஷ் அவனுதே இல்லயாம். நர்ஸைக் கேட்டா, அவருக்கு ஞாபகம் முன்ன பின்ன ஆயிடுச்சு, கணக்குல எடுக்காதீங்கங்கறா. அதை விட்டுடட்டுமா?"

விட்டுவிடு என்று ஒரு வார்த்தை போதும். வெண்டல் மூளை கலங்கிய கிழவன் ஆகிவிடுவான், லெம் வீரனாகவே இருப்பான், ஊரில் அவன் பெயரில் இருக்கிற பள்ளிக்கூடம் அப்படியே நிற்கும். வருஷா வருஷம் பிப்ரவரியில் அந்தப் பள்ளிப் பிள்ளைகள் சட்டைப் பையில் டூத் பிரஷ் வைத்துக்கொண்டு சர்ச்சிலிருந்து கோர்ட்டு வரை நடக்கிறார்கள். பிரஷ்கள் ஊர்ப் பல் டாக்டரின் இலவசம், கைப்பிடியில் அவருடைய போன் நம்பர்கூட அச்சடித்திருக்கும். எல்லாம் அப்படியே நடக்கும்.

"வெள்ளிக்கிழமை வரைக்கும் டயம் குடும்மா" என்றாள் அர்வெல்லா. "யோசிச்சுச் சொல்றேன்."

யோசிப்பதற்கு அதில் ஒன்றுமே இல்லை. அறுபத்தொரு வருஷமாக அவளுக்குத் தெரிந்ததுதான்.

அந்த பிரஷ் அவளுடையது. 1964 பிப்ரவரியில், ஒரு புதன்கிழமை மாலை, மவுண்ட் ஹெர்மன் சர்ச்சில் ஊர்வலத்தை நடத்திய மிஸ் ரூபி கெய்ன்ஸ், பெயர் கொடுத்த பிள்ளைகளுக்கெல்லாம் ஆளுக்கொரு புது பிரஷ் கொடுத்தாள். மறுநாள் நடக்கப் போகிறவர்கள் நேரே ஜெயிலுக்குத்தான் போவார்கள், எத்தனை நாள் என்று யாருக்கும் தெரியாது, அதனால் பிரஷ். பாக்கெட்டுக்கு மேலே அதன் தலை தெரியும்படி வைத்துக்கொண்டு தெருவில் போவது அந்த மாதம் லோரிங் பிள்ளைகளுக்குப் பெரிய பெருமை. முந்தின வாரம் நடந்தபோது கொரின் என்ற பெண்ணின் வாயில் போலீஸ் தடி பட்டு முன்பல் இரண்டு போய்விட்டது. இனி அவளுக்குப் பாதி பிரஷ் போதும் என்று பெண்கள் சிரித்தார்கள். அர்வெல்லாவும் சேர்ந்துதான் சிரித்தாள். பதினாறு வயது. அம்மாவுக்குத் தெரியாமல் பெயர் கொடுத்திருந்தாள். பிள்ளைகள் ஊர்வலத்தின் பக்கம் தலைவைத்தால் தோலை உரித்துவிடுவேன் என்று அம்மா சொல்லியிருந்தாள்.

மறுநாள் காலையில் அம்மா வேலைக்குப் போன பிறகு அர்வெல்லாவால் எழுந்திருக்க முடியவில்லை. கண்ணை மூடினால் கொரினின் வாய்தான் தெரிந்தது. பயம்தான், வேறொன்றும் இல்லை. பெயர் கொடுத்துவிட்டு வராமல் இருந்தால் ஆள் சொல்லி அனுப்ப வேண்டும் என்பது மிஸ் ரூபியின் சட்டம். இல்லாவிட்டால் ஜோடியாக நிற்க வேண்டிய இன்னொரு பிள்ளை தனியாக நிற்கும்.

"லெம், சர்ச்சுக்கு ஓடிப்போயி மிஸ் ரூபிகிட்ட அக்காவுக்கு வயித்து வலின்னு சொல்லிட்டு வந்துரு. அப்படியே ஸ்கூலுக்குப் போயிடு."

"நெசமாவே வயித்து வலியா?"

"ஆமாடா."

"பயந்துட்டே. எனக்குத் தெரியும்."

"போடா நாயே. போறியா, இல்லையா?"

"போறேன் போறேன். உன் கோட்டு குடு. என்னுதுல ஜிப்பு இல்ல, குளுருது."

ஆணியில் தொங்கிய பழுப்புக் கோட்டைக் காட்டினாள். அவனே எடுத்துப் போட்டுக்கொண்டு, கையை இரண்டு மடிப்பு மடித்துவிட்டு ஓடினான். உள் பாக்கெட்டில் பிரஷ் இருக்கிற நினைப்பே அவளுக்கு மத்தியானம்தான் வந்தது. அதற்குள் எல்லாம் முடிந்திருந்தது. அவன் சர்ச்சுக்குப் போனபோது ஊர்வலம் கிளம்பிவிட்டது. மிஸ் ரூபியைத் தேடிக்கொண்டு ஊர்வலத்தின் ஓரமாகவே ஓடியிருக்கிறான். கோர்ட்டுக்கு இரண்டு தெரு முன்னால் போலீஸ் மறித்து, நடந்தவர், பார்த்தவர், பால் வாங்க வந்தவர் எல்லோரையும் லாரியில் அள்ளிப் போட்டுக்கொண்டு போய்ப் பொருட்காட்சி மைதானத்து மாட்டுக் கொட்டகையில் அடைத்தது.

அன்று மாலையே கிளார்க் பிள்ளைகளைப் பிரிக்க ஆரம்பித்தான். அவனுக்கு வேலை சுலபம். பாக்கெட்டில் பிரஷ் இல்லாதவன் வேடிக்கை பார்க்க வந்தவன், வீட்டுக்குப் போகலாம். பிரஷ் இருக்கிறவன் திட்டம் போட்டு வந்தவன், திங்கட்கிழமை ஜட்ஜ் வரும்வரை சிமெண்டுத் தரையில் கிடக்கட்டும். மிஸ் ரூபியின் முன்யோசனையே பிள்ளைகளைக் காட்டிக்கொடுத்தது. அதை யார் எதிர்பார்த்தார்கள்!

வெள்ளிக்கிழமை அம்மா மைதானத்துக்குப் போய் மூன்று மணி நேரம் நின்றுவிட்டு வந்தாள். அர்வெல்லா துணி தேய்த்துக்கொண்டிருந்தாள். அம்மா தொப்பியைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்தாள்.

"உன் கோட்டப் போட்டுக்கிட்டுப் போயிருக்கான். பாக்கெட்டுல பிரஷ் இருந்துச்சாம். அந்தக் கிளார்க்கு சொல்றான், பிரஷ் இவனுது இல்லேன்னா யாருதோ அவங்க வந்து என் முன்னாடி நின்னு சொல்லட்டும், இந்த நிமிஷமே பையனை விட்டுர்றேன்னு. யாருதுடி அது? உனக்குத் தெரியுமா?"

இஸ்திரிப் பெட்டி சுட்டுக்கொண்டிருந்தது. போய்ச் சொன்னால் தம்பி வெளியே, தான் உள்ளே. கொரினின் வாய்.

"தெரியாதும்மா. அவனாத்தான் போயிருப்பான்."

அம்மா அவளையே கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு எழுந்து அடுப்பைப் பற்ற வைத்தாள். இன்னொரு தரம் கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன் என்று அர்வெல்லா பல வருஷம் தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். அதுவும் பொய்தான். திங்கட்கிழமை எப்படியும் விட்டுவிடுவார்கள், மூன்று நாள்தானே என்று நினைத்தாள். அதை மட்டும் நிஜமாகவே நினைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை விடிவதற்குள் லெம் மூச்சு முட்டிச் செத்துப்போனான்.

அவனாத்தான் போயிருப்பான் என்று மகள் சொன்னதைத் தாய் பாதிரியாரிடம் சொன்னாள். பாதிரியார் சவ அடக்கத்தில் அந்தப் பச்சை பிரஷைத் தூக்கிப் பிடித்து, இந்தக் குழந்தை தெரிந்தே போனான் என்றார். சர்ச்சே எழுந்து நின்று அழுதது. அடுத்த வாரம் நாற்பது பேர் நடந்த தெருவில் நானூறு பேர் நடந்தார்கள், பெரியவர்களும் பாக்கெட்டில் பிரஷோடு. மே மாதத்துக்குள் கோர்ட்டில் கறுப்பர்களின் பெயர்களை வாக்காளர் பட்டியலில் சேர்க்க ஆரம்பித்துவிட்டார்கள். அம்மா 1991-இல் சாகும்வரை, என் பிள்ளை தெரிந்தே போனான் என்று சொல்லிக்கொண்டுதான் இருந்தாள். அந்த ஒரு வாக்கியத்தின் மேல்தான் அவள் உயிரையே வைத்திருந்தாள். அதை எப்படிப் பிடுங்குவது?

புதன்கிழமை காலை அர்வெல்லா வெண்டல் பியூவைப் பார்க்கப் போனாள். முதியோர் இல்லத்தின் ஜன்னலோரம் சக்கர நாற்காலியில், மூக்கில் ஆக்சிஜன் குழாயோடு இருந்தான். லெம்மோடு கொட்டகையில் கிடந்தபோது அவனுக்குப் பதினாலு வயது.

"வாங்க சிஸ்டர் அர்வெல்லா. செத்துட்டேனான்னு பாக்க வந்தீங்களா? இன்னைக்கு மத்தியானம் கெளுத்தி மீன் வறுவல். அதைத் தின்னுட்டுத்தான் போவேன்."

"நீங்க போக மாட்டீங்க பிரதர். மேல இருக்கறவருக்கும் கொஞ்சம் நிம்மதி வேணுமில்ல."

சிரிக்கப் போய் அவனுக்கு இருமல் வந்தது. அது அடங்கும்வரை அவள் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள்.

"அந்த ஓஹையோ அம்மா உங்களுக்குப் புத்தி கலங்கிடுச்சான்னு கேக்குறா."

"நீங்க என்ன சொன்னீங்க?"

"ஒண்ணும் சொல்லல. அங்க என்ன நடந்துச்சு? எனக்குச் சொல்லுங்க, ஒண்ணையும் மறைக்காம."

வெண்டல் ஜன்னல் வழியே கார் நிறுத்துமிடத்தைப் பார்த்துக்கொண்டே பேசினான்.

"கிளார்க்குகிட்ட மூணு தரம் போயிச் சொன்னான். இது அக்கா கோட்டு சார், அக்கா பிரஷ் சார்னு. அந்தாளு சிரிச்சான். எல்லாப் பயலும் அப்படித்தான் சொல்றான்னான். அப்புறம் எங்ககிட்ட சொல்ல ஆரம்பிச்சான். எங்க அக்கா வரும், வந்து சொல்லும், நான் போயிடுவேன்னு. கதவு தொறக்குற சத்தம் கேட்டா எழுந்திருச்சு நிப்பான். ராத்திரி பூரா இப்படி. சின்னப் பயலே, உக்காருடா, மத்தவன் தூங்கணும்னு நானே ஒரு தடவ அறைஞ்சேன். அதை நான் யாருகிட்டயும் சொன்னதில்ல."

"என்னைத் திட்டினானா?"

"இல்ல. அக்கா வரும்போது சர்க்கரைப் பாகு ஊத்தின பிஸ்கட் ரொட்டி கொண்டாரும், உனக்கும் பாதி தரேன்னான். சனிக்கிழமை சாயங்காலம் எழுந்திரிக்கிறதை நிறுத்திட்டான்."

அர்வெல்லா அழவில்லை. அழுதால் அது தனக்காக அழுவதாகிவிடும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

"இத்தன வருஷமா உங்களுக்குத் தெரியும். ஞாயித்துக்கெழம ஞாயித்துக்கெழம சர்ச்சுல எனக்குக் கை குடுத்திருக்கீங்க. ஏன் சொல்லல?"

"யாருகிட்டச் சொல்றது? உங்க அம்மாகிட்டயா? அது யாரு பிரஷ்ஷுன்னு தெரிஞ்சிருந்தா அந்த நானூறு பேரு நடந்திருப்பாங்களா சிஸ்டர்? எங்க எல்லாருக்கும் அந்த பிரஷ் வேண்டியிருந்துச்சு. அவன்தான் யாருக்கும் வேண்டியிருக்கல." வெண்டல் மூக்குக் குழாயைச் சரி செய்துகொண்டான். "இப்ப எனக்கு நேரமாயிடுச்சு. கிளம்பறதுக்கு முன்னாடி ஒரு ஆளுகிட்டயாவது சொல்லணும்னு தோணுச்சு. நீங்க என்னைப் பைத்தியம்னு சொல்லணும்னா சொல்லிக்கிங்க. நான் கோவிச்சுக்க மாட்டேன்."

அதுதான் அவளால் தாங்க முடியவில்லை. கோபித்துக்கொண்டிருந்தால் தேவலை.

வெள்ளிக்கிழமை வரை காத்திருக்காமல் வீட்டுக்கு வந்ததும் நோரீனுக்குப் போன் செய்தாள். கோட்டைக்கூடக் கழற்றவில்லை. நின்றுகொண்டே, வயிற்று வலியிலிருந்து இஸ்திரிப் பெட்டி வரை சொல்லி முடித்தாள். மறுமுனையில் எழுதுகிற சத்தம் முதலில் கேட்டது, நடுவில் நின்றுவிட்டது.

"மேடம்" என்றாள் நோரீன். "இதை நான் கேட்டதா வச்சுக்கணுமா?"

"கேட்டுட்டே இல்ல. காகிதமும் ஆளும் வேணும்னியே. ஆளு நான். அடிச்சிரு அந்த ஒன்பதாவது வரிய."

"அப்ப லெம் பத்தி என்ன எழுதுறது?"

"நடந்ததை எழுது. பதினொரு வயசு. அக்கா சொன்ன வேலைக்குப் போனான். அக்கா வருவான்னு கதவைப் பாத்துக்கிட்டிருந்தான். அக்கா வரல. அக்கா பேரு அர்வெல்லான்னும் எழுது. பிள்ளைங்களுக்குப் புரியும்மா. நம்மள விட அதுங்களுக்கு நல்லாப் புரியும்."

சொல்லிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தபோது, உள்ளே எதையோ இறக்கி வைத்தது போலிருந்தது. இனி ஊர் காறித் துப்பும், துப்பட்டும் என்று இருந்தாள். சர்ச்சில் யாரும் பக்கத்தில் உட்கார மாட்டார்கள். பள்ளிக்கூடத்தில் பேசக் கூப்பிட மாட்டார்கள். எல்லாவற்றுக்கும் தயாராக இருந்தாள். தண்டனை தனக்கு வரும் என்றுதான் நினைத்தாள்.

கிறிஸ்துமஸுக்கு முன்னால் நோரீனின் கடிதம் வந்தது, கையெழுத்தில். பதிப்பகத்தில் மூன்று முறை பேசிப் பார்த்ததாக எழுதியிருந்தாள். புது ஆறு பக்கமும் எழுதிக் கொடுத்திருக்கிறாள், தான் எழுதியதிலேயே அதுதான் நன்றாக வந்தது என்றாள். ஆனால் இது தாங்களாகவே முடிவெடுத்துத் துணிந்த பிள்ளைகளைப் பற்றிய புத்தகம், முடிவெடுக்காத பையனுக்கு இதில் எப்படி இடம் கொடுப்பது என்று அவர்கள் கேட்டார்களாம். லெம்மை எடுத்துவிட்டார்கள். மன்னித்துக்கொள்ளுங்கள் என்று இரண்டு இடத்தில் எழுதியிருந்தாள்.

அர்வெல்லா அந்தக் கடிதத்தை மடித்து மேஜையில் வைத்தாள், மறுபடி எடுத்தாள். உண்மையைச் சொன்னவள் அவள். புத்தகத்தைவிட்டு வெளியே போனவன் அவன். இந்தத் தடவையும் அவளுக்குப் பதில் அவனையே பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். இதற்கு என்ன செய்வது? யாரிடம் போய்க் கத்துவது?

பிப்ரவரியில் புத்தகம் தபாலில் வந்தது. கெட்டி அட்டை, பளபளவென்று. இருபத்து நான்கு பிள்ளைகள் குறையாமல் இருந்தார்கள். லெம்மின் இடத்தில் ஒரு தந்தி ஆபீஸ் பெண், வெள்ளம் வருவதை மூன்று ஊருக்குச் சொல்லிவிட்டு அங்கேயே முழுகிப்போனவள். நல்ல பெண்தான். அர்வெல்லாவுக்கு அவள்மேல் வருத்தமில்லை. பழைய நான்கு புத்தகங்களோடு சேர்க்காமல் அதைத் தனியாக வைத்தாள்.

அந்த வாரம் வியாழக்கிழமை பள்ளிப் பிள்ளைகள் வழக்கம்போல் பிரஷோடு அவள் வீட்டு வாசலைத் தாண்டி நடந்தார்கள். புதுப் பாதிரியாரிடம் அவள் விஷயத்தைச் சொல்லியிருந்தாள். அவர் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, துக்கம் மனிதர்களை என்னென்னவோ நினைக்க வைக்கும் சிஸ்டர், உங்களுக்காக ஜெபிக்கிறேன் என்றார். வெண்டல் ஜனவரியிலேயே போய்விட்டான். இனி அவள் பேச்சுக்கு ஆள் சாட்சியும் இல்லை.

மறுநாள், வெள்ளிக்கிழமை, மதியம் மூன்று மணிக்கு அர்வெல்லா பொருட்காட்சி மைதானத்துக்குப் போனாள். மாட்டுக் கொட்டகையை இடித்துவிட்டார்கள். வாசலில் இருந்த ஆபீஸ் கட்டடம் மட்டும் நிற்கிறது. இப்போது அது மியூசியம். கிளார்க் உட்கார்ந்திருந்த மரக் கவுண்டரை அப்படியே வைத்திருக்கிறார்கள், டிக்கெட் கொடுக்க வசதியாக. மியூசியம் திறந்த நாளன்று அவளை மேடையில் உட்கார வைத்திருந்தார்கள். அன்று மேடையிலிருந்தே திரும்பிவிட்டாள். இந்தக் கவுண்டருக்கு முன்னால் அவள் நின்றதே இல்லை.

பின்னால் கண்ணாடிப் பெட்டியில் ஒரு சின்ன வெளிச்சத்தின் கீழே பிரஷ் கிடந்தது. பச்சை நிறம் வெளுத்துவிட்டது. கீழே அட்டையில்: லெம்முவேல் டிஸ்டேலின் டூத் பிரஷ்.

கவுண்டரில் பிரியோனா என்ற கல்லூரிப் பெண் இருந்தாள். இவளும் சின்ன வயதில் பிரஷோடு நடந்தவள்தான். அர்வெல்லாவைப் பார்த்ததும் எழுந்து நின்றாள்.

"மிஸ் அர்வெல்லா! வாங்க வாங்க. உங்களுக்கு டிக்கெட் வேணாம்."

"நான் பாக்க வரல கண்ணு. ஒண்ணு சொல்ல வந்தேன்." அவள் இரண்டு கையையும் கவுண்டரின் மேல் வைத்துக்கொண்டாள். மரம் சில்லென்றிருந்தது. "அந்த பிரஷ் என்னுது. பையனுது இல்ல. அவன் கிட்ட இருந்தது என் கோட்டு. அவனுக்கு ஒண்ணும் தெரியாது."

பிரியோனா அட்டையைத் திரும்பிப் பார்த்தாள், பிறகு இவளைப் பார்த்தாள். முகத்தில் இரக்கம் வந்துவிட்டது.

"சரிங்க மிஸ் அர்வெல்லா. நீங்க முதல்ல உக்காருங்க. தண்ணி கொண்டாரட்டா?"

"எழுதிக்க. யாருதோ அவங்க வந்து சொன்னா விட்டுர்றேன்னு சொன்னாங்க. வந்துட்டேன்."

"அட்டைய நான் மாத்த முடியாதுங்க. டைரக்டர்தான் பாக்கணும். அவரு ஊர்ல இல்ல. இந்த ஃபாரத்துல எழுதிக் குடுத்துட்டுப் போங்க, திங்கக்கெழம அவரு வந்ததும் நானே எடுத்துச் சொல்றேன். திங்கக்கெழம வரைக்கும்தானே?"

அர்வெல்லா ஃபாரத்தை வாங்கவில்லை. கவுண்டருக்கு எதிரே கிடந்த பெஞ்சில், கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். கைப்பைக்குள், ஒரு துணியில் சுற்றி, காலையில் சுட்ட பிஸ்கட் ரொட்டி இரண்டு இருந்தன. பாகு கசிந்து துணியை நனைத்திருந்தது.

"திங்கக்கெழம வரைக்கும் அவன் தாங்க மாட்டான்மா" என்றாள்.